பத்து விநாடி மணல்

டேய் தடியா,

சௌக்கியமா? இங்கே எல்லோரும் நலம், என் தலைமுடியைத் தவிர. சரி, சம்பிரதாயம் முடிந்தது.

மூன்று வருஷம் வாயைத் திறக்காதவனுக்கு இப்போது என்ன வந்தது என்று கேட்பாய். பரணைச் சுத்தம் செய்யும்போது நம்முடைய பழைய ஹார்ட் டிஸ்க் கிடைத்தது. செத்திருக்கும் என்றுதான் நினைத்தேன், கேபிளைச் சொருகியதும் கரகரவென்று இருமிக்கொண்டே எழுந்துவிட்டது. உள்ளே குள்ளன் கல்யாணப் போட்டோக்கள் (அந்தக் கோட்டோடு நீ நிற்பதும் இருக்கிறது, பத்திரமாக வைத்திருக்கிறேன், பயன்படும்), அதற்குக் கீழே ‘பிரின்ஸ் ஆஃப் பெர்ஷியா: தி சாண்ட்ஸ் ஆஃப் டைம்’. 2003-இல் வந்த கம்ப்யூட்டர் ஆட்டம் இன்னும் ஓடுகிறதடா! நாம் பாதியில் சேமித்து வைத்த சேவ்களும் அப்படியே இருக்கின்றன.

மகள் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். பத்து வயது, வாய் மட்டும் நாற்பது. இளவரசன் சுவரில் ஓடித் தவறி விழுந்ததும், நான் நேரத்தைப் பின்னால் திருப்பும் அந்தக் குறுவாளின் பொத்தானை அழுத்திப் பிடித்தேன். விழுந்தவன் பின்னோக்கி எழும்பி, காற்றில் ஏறி, மறுபடி சுவரில் ஒட்டிக்கொண்டதைப் பார்த்து அவள் வாயைப் பிளந்தாள். எனக்கும் இருபது வருஷத்துக்கு முந்தைய அதே சிலிர்ப்புதான்.

அப்போது நமக்கு அதன் அழகு புரியவில்லை என்று இப்போது தோன்றுகிறது. அதிகபட்சம் பத்து விநாடிதான் பின்னால் போகலாம், அதற்கும் குறுவாளின் பிடியில் காலத்தின் மணல் இருக்க வேண்டும். மணல் தீர்ந்தால் அடித்து வீழ்த்திய அரக்கன் உடம்பில் குறுவாளைக் குத்தித்தான் நிரப்ப வேண்டும். மந்திர சக்தி என்று சொல்லிவிட்டு இஷ்டத்துக்கு அள்ளி விடுகிற கதைகளைப் பார்த்தால் எனக்குக் கொட்டாவி வருகிறது. இங்கே மந்திரத்துக்கும் கணக்கு உண்டு. 1989-இல் வந்த முதல் ஆட்டத்தில் 60 நிமிஷத்துக்குள் இளவரசியை மீட்காவிட்டால் கதை முடிந்தது, நேரம்தான் எதிரி. அதை உருவாக்கிய அதே ஜோர்டன் மெக்னர் இதில் நேரத்தையே கையில் கொடுத்துவிட்டு, அதையும் சிட்டிகை சிட்டிகையாகத்தான் கொடுக்கிறார். கஞ்சன். வாத்தியார் மார்க் போடுகிற மாதிரி.

இதில் மகள் ஒரு கேள்வி கேட்டாள். “அப்பா, இவன் நேரத்தைத் திருப்பினால் அந்த அரக்கனுக்கு முன்னால் நடந்தது ஞாபகம் இருக்குமா?” இருக்காது என்றேன். “அப்படின்னா இவனுக்கு மட்டும்தான் தெரியுமா? பாவம்!”

எனக்குக் கை ஓடவில்லை. நாமெல்லாம் அந்தக் குறுவாளை ஒரு வசதியாகத்தான் பார்த்தோம், விழுந்தால் எழலாம், அவ்வளவுதான். கடைசியில் என்ன நடக்கிறது, யோசித்துப் பார். இளவரசனோடு கூடவே வரும் இளவரசி ஃபரா செத்துப் போகிறாள். பத்து விநாடி போதாது என்று இளவரசன், காலத்தின் மணல் இருந்த அந்தப் பெரிய மணற்கடிகாரத்திலேயே குறுவாளைச் செருகி எல்லாவற்றையும் முதலுக்குத் திருப்பிவிடுகிறான். அவள் பிழைத்துவிட்டாள், சரி. ஆனால் எதிரே நிற்கிறவளுக்கு இவன் யாரென்றே தெரியாது. ஆரம்பத்திலிருந்து நம் காதில் ஓடிக்கொண்டிருந்த அந்தக் கதைசொல்லும் குரல் இவன் அவளிடம் பேசுவதுதான், நாம் செத்துப்போகும்போதெல்லாம் ‘இல்லை, அப்படி நடக்கவில்லை’ என்று திருத்திக்கொள்வானே, அதுவும்தான். அவள் நம்பவில்லை. ஒரு முத்தம் கொடுத்துப் பார்க்கிறான், தள்ளிவிடுகிறாள், அந்த முத்தத்தையும் பின்னால் திருப்பிவிடுகிறான். அந்த இடத்தில் நீ விசிலடித்தாய், நானும்தான் சிரித்தேன். இந்தத் தடவை சிரிப்பு வரவில்லை. அவள் ஒருமுறை ரகசியமாகச் சொன்ன ஒரே ஒரு சொல், அது மட்டும்தான் அவனிடம் மிச்சம்.

அடுத்த பாகத்தில் அந்தக் கறுப்புப் பூதம் துரத்தும், ஞாபகம் இருக்கிறதா? தாஹாகா. ‘தாஹாகா வருதுடா’ என்று சொல்லித்தானே வாத்தியார் வரும்போதெல்லாம் ஓடினோம். காலத்தில் கை வைத்தவன் செத்திருக்க வேண்டியவன் என்று அவன் உயிரை வாங்க வருகிறது. மணலே உருவாகக் கூடாது என்று இவன் காலத்தின் அரசியைத் தேடிப் போய்க் கொல்கிறான், அவள் செத்ததால்தான் மணலே பிறக்கிறது. இதற்குமேல் ஒரு மனிதனை எப்படி மாட்டிவிட முடியும் சொல்.

சுற்றி வளைக்கிறேன் என்று உனக்குத் தெரிந்திருக்கும். அன்று போனில் நான் சொன்ன அந்த வாக்கியம். காசைப் பற்றி. நீ பதில் சொல்லாமல் வைத்தாய். எண்ணிப் பார்த்தேன், அது நாலு விநாடிகூட ஆகியிருக்காது, ஒரு சிட்டிகை மணல் போதும். மூன்று வருஷமாக அதைத்தான் மனதுக்குள் திருப்பிக்கொண்டிருக்கிறேன். திருப்பினால் உனக்கு ஞாபகம் இருக்காது, எனக்கு இருக்கும். உன் முன்னால் எதுவும் நடக்காத மாதிரி உட்கார்ந்திருப்பேன். அது பரவாயில்லையா, இல்லை இப்படி உனக்கும் தெரிந்து திட்டு வாங்குவதே மேலா என்று இரண்டு நாளாகக் குழப்பம். திட்டே பரவாயில்லை என்று நினைத்துத்தான் எழுதுகிறேன். தப்பு என்னுடையதுதான்டா. உன்னிடம் காசு இல்லாதது உன் குற்றமில்லை, எனக்கும் அது அப்போதே தெரியும், தெரிந்தேதான் சொன்னேன்.

அப்புறம் ஒரு காரியம். கோபுரத்து லிஃப்ட் சண்டையில் மாட்டிக்கொண்டு நிற்கிறோம். நான் அரக்கர்களை வெட்டுவதற்குள் அங்கே ஃபராவைக் கொன்றுவிடுகிறார்கள், பதினோரு தடவை ஆயிற்று, மணலும் தீர்ந்துவிட்டது. மகள் என்னைக் கேவலமாகப் பார்க்கிறாள். “உங்களுக்கு இது வரவே வராதாப்பா” என்றாள். வராது, அந்த இடத்தை எப்போதும் வேறொருத்தன்தான் முடித்துக் கொடுப்பான் என்றேன். யாரென்று கேட்டாள், கோட்டுப் போட்டோவைக் காட்டினேன்.

ஞாயிற்றுக்கிழமை போன் பண்ணு. எடுத்ததும் திட்டிவிடு, அப்புறம் எந்தப் பொத்தானை எப்போது அழுத்த வேண்டும் என்று சொல்.

உன்,
ஓட்டைவாய்