செய்தி அதிகாரி தூதராகக் கூடாதா?

அன்புள்ள ஆசிரியருக்கு, வெளியுறவுப் பணியைச் சேராதவர்களைத் தூதர்களாக நியமிப்பதைச் சாடிய தங்கள் தலையங்கத்தை வாசித்தேன். தலைவர்களுக்குச் செய்தி அதிகாரியாக இருந்தவரை ஒதுக்கிவிட வேண்டும் என்பதில் எனக்கு உடன்பாடில்லை. கோவிந்த் வல்லப் பந்த், லால் பகதூர் சாஸ்திரி ஆகியோரிடம் அப்படிப் பணியாற்றிய குல்தீப் நய்யார், பத்திரிகையாளராக நெருக்கடி நிலையில் சிறை சென்றவர். 1990இல் வி.பி.சிங் அரசு அவரைப் பிரிட்டனுக்கான இந்தியத் தூதராக்கியது. எதை, எப்போது, யாரிடம் சொல்வது என்று தினமும் பழகியவர்கள் செய்தி அதிகாரிகள்.

நான் நிருபராக இருந்தபோது ஓர் அமைச்சரின் செய்தி அதிகாரி, தெரியாததைக் கேட்டால் மழுப்பமாட்டார். "சரி, விசாரித்துச் சொல்கிறேன்" என்பார். சாயங்காலமே அழைத்தும் சொல்லிவிடுவார். அந்த நம்பகம்தான் தூதருக்கும் வேண்டும். வெளியாளை நியமிக்கும்முன் அவரது தகுதியை விளக்கும் குறிப்பை நாடாளுமன்ற வெளியுறவு நிலைக்குழு முன் அரசு வைக்கட்டும்.