45 சதவீதக் கணக்கு

மண்டபம்,
ஜூன் 3

அன்புள்ள மகனுக்கு,

வீட்டுச் செலவு பிப்ரவரியைவிட மே மாதத்தில் 45 சதவீதம் ஏறிவிட்டதென்றும், நீ அனுப்பும் பணத்தையும் அதே அளவு கூட்டப்போவதாகவும் நேற்றுத் தொலைபேசியில் சொன்னாய். உன் அக்கறை புரிகிறது, கணக்குத்தான் இடிக்கிறது.

அரிசி 1,500 ரூபாயிலிருந்து 1,650, மீன் 2,000 ரூபாயிலிருந்து 3,000, குடிதண்ணீர் 400 ரூபாயிலிருந்து 480, உன் அம்மாவின் வெற்றிலை பாக்கு 100 ரூபாயிலிருந்து 200 என்று நோட்டைப் பார்த்துப் படித்தேன். கூடிய தொகையைப் பழைய தொகையால் வகுத்து நூறால் பெருக்கி, 10, 50, 20, 100 என்று நீ கண்டது சரியே. அவற்றைக் கூட்டி நான்கால் வகுத்ததில்தான் பிழை நேர்ந்தது. நூறு ரூபாய் வெற்றிலைக்கும் இரண்டாயிரம் ரூபாய் மீனுக்கும் ஒரே எடை போட்டுவிட்டாய். மொத்தத்தை மொத்தத்தோடு வைத்துப் பார்: 4,000 ரூபாய் 5,330 ஆகியிருக்கிறது, கூடியது 1,330, அதாவது 33.25 சதவீதம்.

அதையும் நான் முழுதாக ஏற்கமாட்டேன். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலத்தில் விசைப்படகுகள் கடலுக்குப் போவதில்லை என்பது இந்தக் கரையில் வளர்ந்த உனக்குத் தெரியாததல்ல. வள்ளங்கள் கொண்டுவருவதை மட்டுமே நம்பியிருக்கும் மே மாதத்தைப் பிப்ரவரியோடு ஒப்பிட்டால், ஆண்டுதோறும் வந்து போகும் தடைக்கால ஏற்றத்தையும் நிலையான விலைவாசி ஏற்றம் என்று எண்ணிவிடுவோம். ஆகவே சென்ற ஆண்டு நோட்டைப் பரணிலிருந்து தேடி எடுத்தேன். அந்த மே மாதம் மீனுக்கு 2,500 ரூபாய். மற்ற மூன்றும் இந்தப் பிப்ரவரியில் இருந்த அளவே. மொத்தம் 4,500. அதிலிருந்து 5,330க்கு ஏறியது 830 ரூபாய், ஏறத்தாழ 18.4 சதவீதம்.

படகுகள் மறுபடி கடலில் இறங்கி, மீன் செலவு மறுபடி 2,000க்கு வந்தால், ஏறிய ஐம்பது சதவீதமும் இறங்கிவிட்டதென்று உன் அம்மா மகிழ்வாள். இறங்குவது 3,000த்தில் 1,000 என்பதால் அது 33.3 சதவீதமே, ரூபாய் அதேதான், வகுக்கும் எண் மாறிவிடுகிறது.

சென்ற ஆண்டு முதல் நீ அனுப்பும் தொகை மாறவில்லை. அதனால் இம்முறை 830 ரூபாய் மட்டும் கூட்டி அனுப்பு. வெற்றிலைச் செலவு இருமடங்கானதை அம்மாவிடம் எடுக்காதே. அங்கே ஏறியது விலை மட்டுமல்ல.

அன்புடன்,
அப்பா