செயலாளரின் ஆண்டறிக்கை: உதைக்கிறவரோடு ஓர் ஆண்டு

நம் திரைப்படச் சங்கத்தின் பொதுக்குழுவுக்கு வந்திருக்கும் எல்லோருக்கும் வணக்கம். வரவு செலவுத் தாள் பொருளாளரிடம் இருக்கிறது, வாங்கிப் பார்த்துக்கொள்ளுங்கள். புரொஜெக்டர் விளக்கை ஒரு முறை மாற்றினோம். சந்தா பாக்கி வைத்திருப்பவர்கள் யார் என்று இங்கே வாசிக்கப் போவதில்லை, அவரவருக்குத் தெரியும்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். வருஷம் முழுக்க ஒரே நடிகரின் படங்கள் என்று போன கூட்டத்தில் முடிவெடுத்தபோது பாதிப் பேர் ஜாக்கி சானுக்குத்தான் கை தூக்கினீர்கள். அவரை உதைத்த ஆளைப் பார்ப்போமே என்று நான் கேட்டது பாதி விளையாட்டுக்கு. அது அப்படியே நிறைவேறி, ஹாங்காங் சண்டைப் படங்களின் வில்லன் நடிகர் ஹுவாங் ஜாங் லீ நம் தலையில் விழுந்தார். எனக்கு வருத்தமில்லை.

மனிதர் 1944-இல் ஜப்பானின் ஆவோமோரியில் கொரியப் பெற்றோருக்குப் பிறந்தவர். கொரியா அப்போது ஜப்பானின் பிடியில் இருந்தது. குடும்பம் கொரியாவுக்குத் திரும்பியது, பையன் டேக்வாண்டோ என்கிற கொரியச் சண்டைக் கலையில் இறங்கினான், வியட்நாம் போர்க் காலத்தில் படைவீரர்களுக்குச் சண்டை கற்றுக்கொடுக்கும் வேலை. நடிப்பெல்லாம் அப்புறம்தான். 1976-இல் இங் சீ யுவென் என்ற ஹாங்காங் இயக்குநர் கொரியாவிலேயே எடுத்த ‘சீக்ரெட் ரைவல்ஸ்’ படத்தில் வெள்ளை முடி வைத்த வில்லன், பெயர் வெள்ளி நரி. முதல் மாதம் அதைத்தான் போட்டோம். கதாநாயகர்கள் இரண்டு பேர், இருவரும் சேர்ந்தால்தான் இவரை அடிக்க முடிகிறது. அப்போதே பின்வரிசையில் ஒருவர், “இது நியாயமே இல்லையே” என்றார். வருஷம் முழுக்க அந்த வசனம் திரும்பத் திரும்ப வந்தது.

இந்தப் படங்கள் ஏன் இப்படி மலிவாக, அவசரமாக, கொரிய மலையிலும் கோயில் வாசலிலும் எடுக்கப்பட்டன என்று தலைவர் அண்ணன் கேட்டதால் கொஞ்சம் தேடினேன். அந்தக் காலத்தில் தென்கொரிய அதிபராக இருந்த பார்க் சுங் ஹீயின் ஆட்சியில் வெளிநாட்டுப் படம் இறக்குமதி செய்யும் உரிமையை உள்ளூர்ப் படம் எடுக்கிற கம்பெனிகளுக்குத்தான் பங்கிட்டுக் கொடுத்தார்கள். காசு வெளிநாட்டுப் படத்தில்தான் இருந்தது, அதனால் உள்ளூர்ப் படத்தைக் கணக்குக் காட்டுவதற்காகவே சுருக்கிச் சுருட்டி எடுத்தவர்கள் நிறைய. ஹாங்காங்கோடு கூட்டுத் தயாரிப்பு என்றால் அதுவும் உள்ளூர்க் கணக்கில் வரும், அதில் பேருக்கு மட்டும் கூட்டு என்று எழுதிக்கொண்டவையும் உண்டு. ஹாங்காங்காரர்களுக்கோ பழைய அரண்மனை, பனி, நன்றாக உதைக்கத் தெரிந்த ஆட்கள் எல்லாம் குறைந்த செலவில். நம்மவரின் பிழைப்பு இந்த இரண்டு கணக்குக்கும் நடுவில்தான் ஓடியது. ஒரு சட்டத்தின் ஓட்டை ஒரு நடிகருக்கு வாழ்க்கை கொடுத்திருக்கிறது, எனக்கு இது படங்களைவிட சுவாரசியமாக இருந்தது.

1978-ஐத் தனியாகச் சொல்லியாக வேண்டும். இங் சீ யுவெனின் கம்பெனி, இயக்குநர் யுவென் வோ பிங், ஒரே வருஷத்தில் இரண்டு படம். ‘ஸ்நேக் இன் தி ஈகிள்ஸ் ஷாடோ’, அடுத்து ‘ட்ரங்கன் மாஸ்டர்’. அதுவரை ஓடாமல் கிடந்த ஜாக்கி சான் இந்த இரண்டிலும்தான் எழுந்தார், இரண்டிலும் கடைசியில் எதிரே நிற்பவர் ஹுவாங். முதல் படத்தின் சண்டையில் இவருடைய உதை தவறிப் பட்டு ஜாக்கிக்கு ஒரு பல் போனது. இரண்டாவதில் கூலிக்குக் கொல்கிறவர், தரையில் கால் படுவதற்குள் உதை மேல் உதை. இவரிடம் மிதிபடுவதைப் பார்த்ததால்தான் ஜாக்கி ஜெயிப்பது நமக்கு இனிக்கிறது. இதை நான் சொன்னபோது ஜாக்கி ரசிகர்கள் டீ குடிக்க எழுந்து போனார்கள், அதையும் பதிவு செய்கிறேன்.

‘டவர் ஆஃப் டெத்’ (1981) பற்றி இரண்டு கருத்து. புரூஸ் லீ இறந்து எட்டு வருஷம் ஆனபின் அவருடைய பழைய துண்டுக் காட்சிகளை ஒட்டி, அவர் பாத்திரத்தின் தம்பி வேடத்துக்கு கிம் தாய் சுங் என்ற கொரியரைப் போட்டு எடுத்தது. எனக்கு முதல் பாதி பிடிக்கவில்லை, ஒட்டு வேலை பல்லிளிக்கிறது. ஆனால் கடைசிச் சண்டையில் மோதிக்கொள்கிற கிம், ஹுவாங் இருவருமே கொரியர்கள், அங்கே யாருக்கும் புரூஸ் லீ ஞாபகம் வரவில்லை. அதே வருஷம் ஹுவாங்கே இயக்கி, நாயகனாகவும் நடித்த ‘ஹிட்மேன் இன் தி ஹேண்ட் ஆஃப் புத்தா’வும் பார்த்தோம். நகைச்சுவை அவருக்குச் சுத்தமாக ஒட்டவில்லை. ஆனால் ஒரு தடவையாவது கடைசியில் நின்றவர் அவர்தான், கைதட்டல் பலமாகவே இருந்தது.

குறைகள். நமக்குக் கிடைத்த பிரதிகளில் பாதி, அகலத் திரைப் படத்தை டிவிக்காக இரு பக்கமும் வெட்டியவை. முகம் தெரிகிறது, கால் திரைக்கு வெளியே போய்விடுகிறது, எதிராளி எதற்கென்றே தெரியாமல் பறக்கிறான். காலுக்காகவே பேர் வாங்கிய நடிகருக்கு இதைவிடக் கொடுமை உண்டா? பார்த்த படங்கள் எல்லாமே டப்பிங், ஒன்றில்கூட அவர் சொந்தக் குரல் இல்லை. ஆகஸ்டில் போட்ட படத்தையே வேறு தலைப்பில் அக்டோபரிலும் போட்டுவிட்டேன், பத்து நிமிஷம் கழித்துத்தான் தெரிந்தது. தப்பு என்னுடையது. அன்றைக்கு வடைச் செலவை என் கையிலிருந்து கொடுத்தேன், தாளில் தேட வேண்டாம்.

அவர் 1982-இல் உதைப்பது எப்படி என்று சொல்லிக்கொடுத்த வீடியோவைப் பார்த்த மறுநாள் இடுப்புப் பிடித்துக்கொண்ட உறுப்பினர் இப்போது நலம். சங்க நிதியிலிருந்து மருந்துச் செலவு கேட்டிருந்தார், செயற்குழு மறுத்துவிட்டது.

அடுத்த ஆண்டுக்கு யார் என்பதை இன்றே வாக்கெடுத்து முடித்துவிடலாம். மாடிச் சாவி யாரிடம் இருக்கிறதோ, கூட்டம் முடிந்ததும் என்னிடம் கொடுத்துவிடுங்கள்.