தயாரிப்பு: ஸ்பெயின்? திரைப்படச் சங்க நிர்வாகிகளுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய நிர்வாகிகளுக்கு வணக்கம்.

போன மாதம் நீங்கள் நடத்திய ஸ்பானியப் படத் திரையிடலுக்கு மூன்று நாளும் வந்தேன். வாசலில் கொடுத்த தாளை இன்னும் வைத்திருக்கிறேன். கார்லோஸ் சௌராவின் 'லா காஸா', விக்டர் எரிசேயின் 'எல் எஸ்பிரித்து தெ லா கொல்மேனா' (தேன்கூட்டின் ஆவி), 'எல் சுர்' (தெற்கு). இயக்குநர், ஆண்டு, ஓடும் நேரம் எல்லாம் இருந்தன. தயாரிப்பு என்ற இடத்தில் மட்டும் மூன்றுக்கும் 'ஸ்பெயின்' என்று போட்டிருந்தீர்கள்.

மூன்றையும் தயாரித்தவர் எலியாஸ் கெரெஹெட்டா. உங்களுக்கு இது தெரியாத பெயரில்லை. அப்புறம் எப்படி விட்டுப்போனது?

தாளோடு போயிருந்தால் எழுதியிருக்க மாட்டேன். கடைசி நாள் 'எல் சுர்' முடிந்ததும் ஒரு கல்லூரி மாணவி எழுந்தார். "படம் முழுக்கத் தெற்கு, தெற்குன்னு சொல்றாங்க. அந்தப் பொண்ணு பெட்டி கட்டினதும் முடிஞ்சிடுதே, ஏன் சார்?" மேடையில் இருந்தவர், "முடிவைப் பார்வையாளர் கையில் விடுவது எரிசேயின் பாணி" என்றார். மாணவி அதை அப்படியே நோட்டில் எழுதிக்கொண்டார். நான் பின்வரிசையிலிருந்து கை தூக்கினேன். நேரமில்லை என்று விளக்கைப் போட்டுவிட்டீர்கள்.

அது பாணி இல்லை. ஸ்பெயினின் தெற்கே, ஆந்தலூசியாவில் எடுக்க வேண்டிய பிற்பகுதி திரைக்கதையில் இருந்தது. பணத்தைக் காரணம் காட்டி கெரெஹெட்டா படப்பிடிப்பை நிறுத்தினார். எடுத்தவரை கோத்து 1983இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவுக்குப் படம் போனது. தயாரிப்பாளருக்கு அது முழுப் படம், எரிசேவுக்குப் பாதிப் படம். கெரெஹெட்டா பெயர் தாளில் இருந்திருந்தால், அந்தப் பெண்ணின் கேள்வி போக வேண்டிய இடத்துக்குப் போயிருக்கும்.

நான் அவருக்கு மாலை போடச் சொல்லவில்லை. பழி சொல்வதற்கும் பெயர் வேண்டும் அல்லவா?

பெருமைக்கும்தான். ஸ்பெயினின் வடக்கே பாஸ்க் பகுதியில் உள்ள எர்னானியில் பிறந்து, ரியல் சொசியதாத் அணியில் கால்பந்து ஆடி, அப்புறம் சினிமாவுக்கு வந்தவர். சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சியில் படம் எடுப்பது என்றால் தணிக்கை அதிகாரிகளோடு ஓயாத மல்லுக்கட்டு. 'முயல் வேட்டை' என்ற தலைப்பில் முயலுக்கு ஆபாசப் பொருளும் உண்டு என்று அதை நீக்கச் சொன்னார்கள். அப்படித்தான் அது வெறும் 'வேட்டை', அதாவது 'லா காஸா' ஆனது. அந்தப் படம் 1966இல் பெர்லின் திரைப்பட விழாவில் சௌராவுக்குச் சிறந்த இயக்குநர் விருது வாங்கித் தந்தது. 1974இல் அவர் தயாரித்த சௌராவின் 'லா பிரிமா அங்ஹேலிகா' வந்தபோது பார்சலோனாவில் அதை ஓட்டிய தியேட்டரில் தீக்குண்டு வைத்தார்கள். இவ்வளவுக்கும் நடுவில் நின்றவரைத்தான் நாம் ஒரு நாட்டின் பெயருக்குள் கரைத்துவிட்டோம்.

'கொல்மேனா'வில் அந்த வீட்டு ஜன்னல்கள் நினைவிருக்கிறதா? தேனடை போல அறுகோணக் கட்டங்கள், அவற்றின் வழியே தேன் நிற வெளிச்சம். அதைப் படம்பிடித்த லூயிஸ் குவாத்ராதோவின் பார்வை அப்போதே மங்கிக்கொண்டிருந்தது. 'லா காஸா'வின் ஒளிப்பதிவும் அவர்தான். இரண்டுக்கும் படத்தொகுப்பு பாப்லோ தெல் ஆமோ, இசை லூயிஸ் தெ பாப்லோ. இயக்குநர்கள் மாறினாலும் இவர்களைக் கூடவே வைத்திருந்தது தயாரிப்பாளர்.

இதையும் சொல்லிவிடுகிறேன். கடைசிப் பெயர் வரிசை ஓடத் தொடங்கியதுமே விளக்கைப் போட்டு நாற்காலிகளை அடுக்குகிறீர்கள். உழைத்தவர் பெயரை வாசிக்க நமக்கு இரண்டு நிமிடம்கூட இல்லையா? சந்தா கட்டி வருகிறவர்கள் அவசரப்படவில்லை, நீங்கள்தான் அவசரப்படுகிறீர்கள்.

மன்னிக்கவும், குரல் உயர்ந்துவிட்டது. நான் கேட்க வந்தது ஒரு வரிதான். தயாரிப்பாளர் பெயரைப் போடுங்கள். அடுத்த மாதம் சௌராவின் 'கிரியா குவேர்வோஸ்' என்று அறிவித்திருக்கிறீர்கள். அதுவும் கெரெஹெட்டாவின் தயாரிப்புதான். தாள் அச்சுக்குப் போகும் முன் அந்த இடத்தில் அவர் பெயரைச் சேர்க்குமாறு தாழ்மையுடன் கேட்டுக்கொள்கிறேன். அந்த மாணவி வந்தால், 'எல் சுர்' ஏன் அங்கே நின்றது என்பதையும் தயவுசெய்து மேடையிலிருந்தே சொல்லிவிடுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் சங்க உறுப்பினர் ஒருவர்