தலைதட்டிய பச்சரிசி

கானாடுகாத்தான்

அன்புள்ள சிதம்பரம்,

நலம், நலமறிய ஆவல். உன் இரண்டு கடிதங்களுக்கும் பதில் எழுதாத குற்றத்துக்கு வழக்கம்போலத் திட்டி முடித்துவிட்டு மேலே படி.

நம் செட்டிநாட்டு ஊர் வாழ்க்கையைக் காணொளித் தொடராக எடுக்க எங்கள் வளவு வீடு கிடைக்குமா என்று கேட்டிருந்தாய். சென்ற மாதமே வேறொரு குழு வந்து எடுத்துக்கொண்டு போய்விட்டதை உன்னிடம் சொல்லக் கூசியே இத்தனை நாள் வாய் திறக்கவில்லை. வந்தவர்கள் மிக்சியைத் துணி போட்டு மூடினார்கள். ஆத்தாவைப் புதுக் கண்டாங்கி கட்டச் செய்து, முப்பது ஆண்டுகளாகத் தொடாத அம்மியில் மிளகாய் அரைக்க வைத்தார்கள். குழம்பின் சிவப்பு போதவில்லை என்று தாங்களே மிளகாய்த்தூளையும் கொட்டினார்கள். அன்று மாலை ஆத்தா எங்களுக்குச் சுட்டது வெள்ளைப் பணியாரம். பச்சரிசியைத் தலைதட்டி அளந்து, அதே படியின்மேல் உளுந்தைக் கோபுரமாகக் குவிப்பதுதான் கணக்கு என்று சொல்லிக்கொண்டே அளந்தாள். கேமராவை அதற்குள் பெட்டியில் வைத்துவிட்டார்கள். எல்லாவற்றுக்கும் தலையாட்டிக்கொண்டு நின்றவன் நான்.

தரைக்கல் செய்யும் ஆத்தங்குடிக்கும் நானே அழைத்துப் போனேன். கண்ணாடியின்மேல் அச்சை வைத்து நிறச்சாந்தை ஊற்றி, மணலும் சிமெண்டும் இட்டு அழுத்தி, தண்ணீரில் ஊறப்போட்டு உலர்த்துவதை அரை நாள் பார்த்தார்கள். சூளை என்ற பேச்சே அங்கு இல்லை. ஆனால் காணொளியில் ஒரு குரல், சூளையில் சுட்ட கல் என்கிறது! வீட்டை அரண்மனை என்று பத்து முறை சொன்ன அந்தக் குரல், புள்ளிக்கு, அதாவது மணமான ஒவ்வொரு குடும்பத்துக்கும், ஓர் அறையாகப் பிரிந்த இவ்வீட்டில் ஏன் பெரும்பாலான அறைகள் பூட்டியிருக்கின்றன, சாவிகள் எந்தெந்த ஊரில் இருக்கின்றன என்று ஒருமுறைகூடக் கேட்கவில்லை.

நீ எடுப்பதானால் பிள்ளையார் நோன்புக்கு வா. கார்த்திகை தீபத்திலிருந்து இருபத்தொன்றாம் நாள் என்பதை உனக்கு நினைவூட்ட வேண்டியிருப்பதே வெட்கக்கேடு. 21 நூலைத் திரித்த இழையை மாவில் வைத்து ஏற்றி, சுடரோடு வாயில் போட்டுக்கொள்வதை யாரும் ஒத்திகை பார்த்து நடிக்க முடியாது. சிங்கப்பூரிலிருக்கும் அண்ணன், கைபேசியில் ஆத்தாவின் முகத்தைப் பார்த்தபடியே அங்கே இழை எடுத்துக்கொள்வார். அந்தக் கைபேசியை மறைக்கச் சொல்லாதே. முதல் நாள் கேமராவைத் தொடாமல் பட்டாசாலைக் கூடத்தில் சும்மா உட்கார்ந்திரு. அது உனக்குப் புதிதல்ல.

மிளகாய்த்தூள் கொண்டுவர வேண்டாம்.

உன் அன்புள்ள,
நாச்சியப்பன்