281 கதைகளும் ஒரு மௌனமும்

மியூனிக்

அன்புள்ள சித்தப்பாவுக்கு,

வணக்கம். இங்கே தொலைக்காட்சிக்கு எழுதுகிறவர்கள் எப்படி வாழ்கிறார்கள் என்று கேட்டிருந்தீர்கள். எல்லோரையும் பற்றிச் சொல்லும் அறிவு எனக்கில்லை; ஒருவரைப் பற்றி மட்டும் எழுதுகிறேன், ஏனெனில் எனக்கு ஜெர்மன் பழகியதே அவருடைய வசனங்களைக் கேட்டுத்தான்.

அவர் பெயர் ஹெர்பெர்ட் ரைனெக்கர். 1914இல் ஹாகன் நகரில் பிறந்தவர். 1969இல் தொடங்கிய 'டெர் கொமிசார்' என்ற துப்பறியும் தொடரின் 97 பகுதிகளையும், 1974 முதல் 1998 வரை வந்த 'டெரிக்' தொடரின் 281 பகுதிகளையும் அவர் ஒருவரே எழுதினார். நம் சபா நாடகம் ஒன்றுக்கு மூன்று பேர் சேர்ந்து வசனம் எழுதி, கடைசியில் மூவரும் ஒருவரோடொருவர் பேசாமல் போன கதை நினைவுக்கு வந்தது.

டெரிக் இந்த ஊரின் துப்பறியும் அதிகாரி. தொடரின் வட்டுகளை எனக்குக் கொடுத்தவர் வீட்டுக்கார அம்மையார். பாத்திரங்கள் சிறு வாக்கியங்களாக, நிறுத்தி நிறுத்திப் பேசுவதால் புதிதாகக் கற்பவனுக்கும் புரியும், ஆனால் நான் கற்றதெல்லாம் விசாரணை மொழியாகிவிட்டதால், அலுவலகத்தில் ஒருவரிடம், "நேற்று மாலை எங்கே இருந்தீர்கள்?" என்று கேட்டு அவரைத் திடுக்கிட வைத்தேன்.

தொடக்கக் காலப் பகுதிகள் பலவற்றில் கொலையாளி யாரென்று முதலிலேயே காட்டிவிடுகிறார்கள். பிறகு நாம் பார்ப்பதெல்லாம், குற்றம் செய்தவன் அதைச் சுமந்துகொண்டு உண்பதையும் உறங்குவதையும், தன் வீட்டு வரவேற்பறையில் அதிகாரிக்கு எதிரே அமர்ந்து பொய் சொல்வதையும்தான். துப்பு ரைனெக்கருக்கு முக்கியமில்லை, மனச்சாட்சிதான் முக்கியம்.

அதனால்தான் அவருடைய இளமைக்காலத்தைப் பற்றி அறிந்தபோது எனக்கு நெஞ்சு கனத்தது. ஹிட்லர் ஆட்சியில் இளைஞர் இயக்கப் பத்திரிகைகளில் பணியாற்றியவர், நாஜிகளின் எஸ்.எஸ். அமைப்பின் ஆயுதப் பிரிவான வாஃபன் எஸ்.எஸ். படையின் போர்ச் செய்தியாளராக இருந்தவர். தோல்வி உறுதியாகிவிட்ட 1945 ஏப்ரலில்கூட எஸ்.எஸ். இதழுக்குத் தலையங்கம் எழுதியவர். பத்தாண்டுகள் கழிவதற்குள் திரைப்படத்துக்கு எழுதிப் புகழ் பெற்றுவிட்டார். பிறர் குற்றத்தை வாரந்தோறும் துருவிய பேனா, தன் குற்றத்தின் முன் எப்படி நின்றிருக்கும்? ஒருவேளை அந்தக் கதைகளே அவருடைய வாக்குமூலமோ என்று சில இரவுகளில் எண்ணுகிறேன். மறுநாள் காலையில், அப்படி எண்ணுவது அவருக்கு நான் செய்யும் சலுகை என்று தோன்றுகிறது.

டெரிக்காக நடித்த ஹோர்ஸ்ட் டாப்பர்ட்டும் அதே படையில் இருந்தவர் என்பது, அவர் இறந்து சில ஆண்டுகளுக்குப் பின், 2013இல் வெளிவந்தது. நூற்றுக்கும் மேற்பட்ட நாடுகளுக்குச் சென்ற அந்தத் தொடரை இனி மறுஒளிபரப்புவதில்லை என்று இசட்.டி.எஃப். தொலைக்காட்சி அறிவித்துவிட்டது. ரைனெக்கரின் கடந்த காலமோ அதற்கு முன்பே தெரிந்திருந்தது. எழுத்தாளனின் முகம் திரையில் தெரிவதில்லை அல்லவா, சித்தப்பா!

ரைனெக்கர் 2007இல் ஸ்டார்ன்பெர்க் ஏரிக்கரையில் இறந்தார். சென்ற ஞாயிறு ரயிலேறி அந்த ஏரியைப் பார்த்துவந்தேன். வீட்டுக்கார அம்மையாரிடம் இதையெல்லாம் சொன்னபோது, தம் தந்தையும் போரைப் பற்றி ஒரு சொல் சொன்னதில்லை என்று மட்டும் கூறி, அடுத்த வட்டை எடுத்துத் தந்தார்.

சித்திக்கு என் வணக்கங்கள்.

தங்கள் அன்பு மகன்