ஓநாய்ச் சிலை வைத்த வீட்டார்

அன்புள்ள மல்லிகா,

உன் கடிதம் பொங்கலுக்கு முன்பே வந்துவிட்டது. இத்தனை நாள் பதில் போடாததற்குத் திட்டித் தீர்த்துக்கொள். அம்மா தேறி நடமாடுகிறாள். வனஜா உன் குடையை இன்னும் தரவில்லை.

மாணவிகளுக்காக நீ எழுதும் ரோம் பாடத்தைப் படித்தேன், சண்டைக்குத்தான் வருகிறேன். ஃபேபியஸ், கிளாடியஸ் என்று உயர்குடி வீடுகளைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதிவிட்டு, பிளெபியன்கள் என்ற சாதாரணக் குடிகளை ஒரே வரியில் கூட்டமாக நிறுத்திவிட்டாய். பெரிய வீட்டுக் கல்யாணம் என்றால் அன்றைக்கே நீதானே முதல் பந்தி! அந்தக் குடிகளில் ஒன்றான ஓகுல்னியஸ் குடும்பத்தை ஏன்டி விட்டாய்?

அவர்கள் பெயரே ரோமுக்கு வடக்கே வாழ்ந்த எட்ருஸ்கன் மக்களின் பெயர் என்பது ஆய்வாளர் பலரின் கருத்து. வந்தேறிய வீடாக இருக்கலாம். கி.மு. 300-இல் குவின்டஸ், நேயஸ் என்று அந்த வீட்டார் இருவர் பிளெபியன்களின் உரிமை காக்கும் அதிகாரிகளான மக்கள் தீர்ப்பாயர்களாக இருந்து ஒரு சட்டம் கொண்டுவந்தார்கள். அதுவரை தலைமைப் பூசகர் குழுவிலும் சகுனம் பார்ப்போர் குழுவிலும் உயர்குடியினருக்கு மட்டுமே இடம். புதிதாக நான்கு பூசகர், ஐந்து சகுனக்காரர் இடங்களை உண்டாக்கி, அத்தனையையும் பிளெபியன்களுக்குக் கொடுத்தது அந்தச் சட்டம். உயர்குடித் தலைவர் அப்பியஸ் கிளாடியஸ் எதிர்த்துப் பார்த்தார், நடக்கவில்லை. சாமிக்கும் சாதாரணக் குடிக்கும் நடுவே நின்ற கதவு அன்று திறந்தது, மல்லிகா. அதற்கு ஒரு பக்கம்கூட வேண்டாமா?

இன்னும் கேள். கி.மு. 296-இல் அதே இருவர் ஈடில்கள் என்ற நகர அதிகாரிகளாகி, வட்டிக்காரர்கள் மேல் வழக்குப் போட்டார்கள். பறிமுதலான பணத்தில் ரோமின் கபிடோல் குன்றுக் கோயிலுக்கு வெண்கல வாசல் வைத்தார்கள், கபேனா என்ற நகர வாயிலிலிருந்து போர்க்கடவுள் மார்ஸின் கோயில் வரை நடைபாதைக்குக் கல் பாவினார்கள், ருமினாலிஸ் என்ற புனித அத்திமரத்தடியில், ஓநாயிடம் பால் குடிக்கும் இரட்டைக் குழந்தைகளின், அதாவது கதைப்படி ரோமை நிறுவியவர்களின், சிலையை நிறுவினார்கள். ரோம் என்றதும் உலகத்துக்கே நினைவு வரும் அந்த உருவத்தைப் பற்றி நமக்குக் கிடைக்கும் மிகப் பழைய செய்திகளில் இது ஒன்று. பிறகு கொள்ளைநோய்க் காலத்தில் கிரேக்க நாட்டு எபிடாரஸுக்குப் போய் மருத்துவக் கடவுளின் பாம்பைக் கொண்டுவந்த தூதுக்குழுவுக்கும் குவின்டஸ்தான் தலைவர் என்கிறார்கள். அந்தப் பாம்பு இறங்கிய ரோமின் டைபர் ஆற்றுத் தீவில் இன்றும் மருத்துவமனை நடக்கிறது.

கி.மு. 269-இல் குவின்டஸ் ஓகுல்னியஸ் காலஸ் கான்சல் ஆனார்; ஆண்டுக்கு இருவர் வகிக்கும் ரோமின் உச்சப் பதவி அது. அவருடன் கான்சலாக இருந்தவர் உன் ஃபேபியஸ் வீட்டுக்காரர்தான்! ரோமில் வெள்ளிக்காசு அடிக்கத் தொடங்கியது அந்த ஆண்டு என்று ரோமானிய எழுத்தாளர் பிளினி எழுதுகிறார். ஒருபுறம் ஹெர்குலிஸ் தலையும் மறுபுறம் ஓநாயும் குழந்தைகளும் உள்ள காசு அப்போது வந்தது என்றே பலரும் சொல்கிறார்கள்.

என்னை உறுத்துவது அந்த வீட்டுப் பெண்கள். ஆணுக்குச் சொந்தப் பெயர், குடிப்பெயர், பட்டப்பெயர் என்று அடுக்கு. மகள்கள் எல்லோரும் வெறும் ஓகுல்னியா. ஏறக்குறைய நானூறு ஆண்டு கழித்து ரோமானியக் கவிஞர் ஜுவெனலின் அங்கதக் கவிதையில் ஓகுல்னியா ஒருத்தி வருகிறாள். விளையாட்டுப் பார்க்கப் போக உடையும் பல்லக்கும் தோழிகளும் வாடகைக்கு எடுக்கிறாள். அந்தப் பெயரில் ஒரு பெண் இலக்கியத்தில் ஏறியது கேலிக்காகத்தான். படித்த அன்று எனக்குத் தூக்கம் வரவில்லை.

நம் பிள்ளைகள் முக்கால்வாசிப் பேர் அவரவர் வீட்டில் முதலாவதாகப் படிக்க வந்தவர்கள். அவர்களுக்கு ஃபேபியஸை விட இந்த வீட்டார்தான் நெருக்கம். ஒரு பக்கம் ஒதுக்கு. அந்தக் காசின் படத்தைப் பெரிதாகப் போடு. ஓகுல்னியாவையும் விட்டுவிடாதே. அச்சுக்குப் போகுமுன் பிரதியை அனுப்பு.

அன்புடன்,
செல்வி